அடுத்தவங்க அணு குடைக்குள்ள நின்னவங்க கதை

அணுகுண்டு அரசியல் பத்தி பேச்சு வந்தாலே அமெரிக்காகிட்ட எத்தனை, ரஷ்யாகிட்ட எத்தனைன்னு எண்ணிக்கைல தான் போய் நிக்குது. ஆனா பனிப்போர் காலத்துல வாஷிங்டன்லயும் மாஸ்கோலயும் உக்காந்து மண்டைய உடைச்சிட்டிருந்தவங்களுக்கு எண்ணிக்கை ரெண்டாவது கவலை தான். "என் மேல கைய வெச்சா உன்னை அழிச்சிடுவேன்"னு சொன்னா எதிரி நம்புவான், தன் ஊர் மேல குண்டு விழுந்தா எவனும் சும்மா இருக்க மாட்டான்னு எல்லாருக்கும் தெரியும். "என் கூட்டாளி மேல கைய வெச்சா உன்னை அழிச்சிடுவேன்"னு சொல்லும்போது தான் சிக்கல், ஏன்னா அப்படி செஞ்சா பதிலடி வந்து விழப்போறது சொன்னவனோட சொந்த ஊர்ல. அப்ப நிஜமாவே செய்வானா? இந்த வாக்குறுதிக்கு தான் அணு குடைன்னு பேர். பனிப்போர்லயும் அதுக்கப்புறமும் பாதி வெளியுறவுக் கொள்கை இந்த ஒரு சந்தேகத்த சுத்தி தான் நடந்திருக்குன்னு நான் நினைக்கிறேன், இன்னிக்கு உக்ரைன், போலந்து, தென் கொரியா பத்தி வர்ற செய்திய புரிஞ்சுக்கவும் இந்த வழியா போனா தான் தெளிவா இருக்கு.

முதல்ல இந்த வாக்குறுதி அமெரிக்காவுக்கு ரொம்ப மலிவா இருந்துச்சு. சோவியத் யூனியன் 1949 ஆகஸ்ட்ல செமிபலாட்டின்ஸ்க்ல குண்டு வெடிச்சு காட்டிடுச்சு தான், ஆனா அதைக் கொண்டுபோய் சிகாகோ மேலயோ நியூயார்க் மேலயோ போடற வசதி அவங்ககிட்ட பெருசா இல்ல. அதனால 1954 ஜனவரில அமெரிக்க வெளியுறவு மந்திரி ஜான் ஃபாஸ்டர் டல்லஸ் தைரியமா பேசினார், எங்க வேணா நீங்க கைய வைங்க, நாங்க எங்களுக்கு பிடிச்ச இடத்துல எங்களுக்கு பிடிச்ச முறைல திருப்பி அடிப்போம்கற மாதிரி. அப்போதைய அமெரிக்க அதிபர் ஐசன்ஹோவருக்கு இதுல செலவும் மிச்சம், ஐரோப்பா முழுக்க சோவியத்துக்கு சமமா தரைப்படைய நிறுத்தி சோறு போடறத விட குண்டு வெச்சிருக்கறது சீப். அந்த கணக்கு 1957 அக்டோபர் 4 வரைக்கும் தான் ஓடுச்சு. அன்னிக்கு சோவியத்தோட முதல் செயற்கைக்கோள் ஸ்புட்னிக் மேல போச்சு, ஒரு செயற்கைக்கோள மேல அனுப்பற ராக்கெட்டால ஒரு குண்ட அமெரிக்காவுக்கும் அனுப்ப முடியும்னு புரிய யாருக்கும் விஞ்ஞானப் படிப்பு தேவைப்படல. வாக்குறுதி அதே வாக்குறுதி தான், ஆனா அதை காப்பாத்தறதுக்கான விலை ஒரே நாள்ல எகிறிடுச்சு.

இதை முகத்துக்கு நேரா கேட்டவர் பிரான்ஸ் அதிபர் டி கால். 1961 கோடைல அமெரிக்க அதிபர் கென்னடி பாரிஸ் வந்தப்ப அவர் கேட்டதோட சாரம் இது தான்: பாரிஸ காப்பாத்தறதுக்காக நியூயார்க்க பலி கொடுக்க நீங்க தயாரா? கென்னடி தயார்னு தான் சொல்லணும், வேற என்ன சொல்ல முடியும், ஆனா டி கால் நம்பறதா இல்ல. அதுக்கு முந்தின வருஷமே, 1960 பிப்ரவரில, அல்ஜீரிய சஹாரால ரெகான் பக்கத்துல பிரான்ஸ் தன்னோட முதல் குண்ட வெடிச்சு முடிச்சிருந்துச்சு. 1966ல அமெரிக்காவும் மேற்கு ஐரோப்பாவும் சேர்ந்த ராணுவக் கூட்டணியான நேட்டோவோட கூட்டு ராணுவ தலைமைய விட்டே வெளிய வந்தாங்க, நேட்டோ தலைமையகம் பாரிஸ்லருந்து மூட்டை கட்டி பிரஸ்ஸல்ஸ் போச்சு. நிறைய பேர் இதை டி காலோட அகங்காரம்னு எழுதியிருக்காங்க. எனக்கு அப்படி தோணல, அவர் கேட்ட கேள்விக்கு யார்கிட்டயும் ஒழுங்கான பதில் இல்ல, அதான் உண்மை.

பதில் இல்லாத கேள்விக்கு அமெரிக்கா கண்டுபிடிச்ச மாற்று வழி என்னன்னு பாக்க மேற்கு பெர்லினுக்கு போகணும். கிழக்கு ஜெர்மனிக்குள்ள 160 கிலோமீட்டருக்கு மேல உள்ளே தள்ளி இருந்த ஊர் அது, நாலா பக்கமும் சோவியத் படை. அங்க அமெரிக்கா, பிரிட்டன், பிரான்ஸ் மூணும் சேர்ந்து வெச்சிருந்தது சுமார் 12,000 சிப்பாய்ங்க தான். சண்டை வந்தா அவங்களால ஊர காப்பாத்த முடியாது, இது வாஷிங்டனுக்கும் தெரியும் மாஸ்கோவுக்கும் தெரியும். அப்ப அவங்க எதுக்கு அங்க? கொஞ்சம் கொடுமையான பதில், ஆனா அந்தக் காலத்து நிபுணர்கள் இதை ஒளிவுமறைவு இல்லாம சொன்னாங்க: அவங்க சாகறதுக்காக அங்க இருந்தாங்க. பெர்லின்ல சில ஆயிரம் அமெரிக்கப் பையன்ங்க செத்தா எந்த அமெரிக்க அதிபராலயும் சும்மா உக்காந்திருக்க முடியாது, ஊர்ல இருக்கற அப்பா அம்மா சும்மா விட மாட்டாங்க. நியூயார்க்க பணயம் வைப்பியாங்கற கேள்விய அதிபர் நிதானமா உக்காந்து யோசிக்கற வாய்ப்பையே இல்லாம பண்றது தான் திட்டம். 1961 அக்டோபர் கடைசில கிழக்கு பெர்லினுக்கும் மேற்கு பெர்லினுக்கும் நடுவுல இருந்த செக்பாயிண்ட் சார்லி சாவடில ரெண்டு பக்க டேங்கும் துப்பாக்கி முனைக்கு துப்பாக்கி முனை நின்னுச்சே, ராத்திரி முழுக்க உலகமே மூச்ச பிடிச்சிட்டு இருந்துச்சே, அப்பவும் மேற்கு பெர்லின் பறிபோகாம இருந்ததுக்கு இது ஒரு முக்கிய காரணம்.

இந்தக் கட்டுரைல நான் சொல்ல வர்ற விஷயமே இது தான். அணு குடைக்கு எடை குண்டு எண்ணிக்கைலருந்தும் வரல, ஒப்பந்தத்துல போட்ட கையெழுத்துலருந்தும் வரல. வாக்குறுதி கொடுத்தவனோட சொந்த ஆளுங்க சாகற இடத்துல நிக்கறாங்களா இல்லையாங்கறதுல தான் அது இருக்கு. இதை வெச்சுக்கிட்டு கீழ வர்ற ஒவ்வொரு கதையையும் பாருங்க.

ஆளுங்க மட்டும் இல்ல, ஆயுதத்தையும் கூட்டாளி நாட்டுல கொண்டுபோய் வெச்சாங்க, அது அதோட தலைவலிய கூட்டிட்டு வந்துச்சு. 1960ல அமெரிக்க காங்கிரஸ் கமிட்டி ஒண்ணு ஐரோப்பால இருக்கற தளங்கள சுத்திப் பாக்க போச்சு, கூட லாஸ் அலமாஸ் அணு ஆயுத ஆராய்ச்சிக் கூடத்து விஞ்ஞானி ஹரால்டு ஆக்னியூ போயிருந்தார். ஒரு ஜெர்மன் விமான தளத்துல ரன்வே ஓரத்துல ஜெர்மன் அடையாளம் போட்ட போர் விமானங்கள் கிளம்ப ரெடியா நிக்குது, ஒவ்வொண்ணுலயும் அமெரிக்க அணுகுண்டு மாட்டியிருக்கு. அதுக்கு அமெரிக்க காவல்னு பாத்தா கைல ஒரு துப்பாக்கியும் சில தோட்டாவும் வெச்சுக்கிட்டு நின்ன ஒரே ஒரு சின்னப் பையன். ஜெர்மன் பைலட் யாராவது மனசு வெச்சு கிளம்பினா இந்தப் பையன் என்ன பண்ணுவான், விமானத்த சுடுவானா பைலட்ட சுடுவானா? ஆக்னியூ பதறிப்போய் திரும்பி வந்தார். அதுக்கப்புறம் தான் கோட் நம்பர் போடாம வெடிக்காத மின் பூட்டு யோசனை சூடு பிடிச்சது, 1962 ஜூன்ல ஐரோப்பால இருக்கற குண்டுகளுக்கு அந்த பூட்ட மாட்ட கென்னடி உத்தரவு போட்டார். இதோட அர்த்தத்த கூட்டாளிங்க உடனே புரிஞ்சுக்கிட்டாங்க: குண்டு உன் வீட்டு முற்றத்துல, சாவி என் சட்டைப் பைல.

அந்த வருஷ அக்டோபர்ல தான் கியூபா நெருக்கடி, சோவியத் அந்தத் தீவுல ரகசியமா அணு ஏவுகணைய கொண்டுபோய் வெச்சத அமெரிக்கா கண்டுபிடிச்சு எடுக்கச் சொன்ன கதை. இந்தக் கதைய கென்னடி, சோவியத் தலைவர் குருஷேவ்னு ரெண்டு பேர் நாடகமா தான் நாம படிச்சிருக்கோம். துருக்கி பக்கத்துலருந்தும் கியூபா பக்கத்துலருந்தும் பாத்தா வேற மாதிரி தெரியும். துருக்கில இஸ்மிர் பக்கம் அமெரிக்கா 15 ஜூப்பிடர் ஏவுகணைய வெச்சிருந்துச்சு, ஏவணும்னா அமெரிக்க அதிகாரியும் சாவி போடணும். துருக்கி அரசுக்கு அது வெறும் ஏவுகணை இல்ல, அமெரிக்கா நம்ம கூட நிக்குதுங்கறதுக்கு கண்ணு முன்னாடி நிக்கற அத்தாட்சி. அக்டோபர் 27 ராத்திரி அதிபரோட தம்பி ராபர்ட் கென்னடி சோவியத் தூதர் டோப்ரினின கூப்பிட்டு, நாலஞ்சு மாசத்துல துருக்கில இருக்கறத எடுத்திடறோம், ஆனா இதை வெளிய சொல்லக் கூடாது, எழுத்துல எதுவும் இருக்கக் கூடாதுன்னு சொன்னார். துருக்கிகிட்ட ஒரு வார்த்தை கேக்கல. 1963 ஏப்ரல்ல ஜூப்பிடர் போயிடுச்சு, அது பழசாயிடுச்சு, கடல்ல பொலாரிஸ் ஏவுகணை வெச்ச நீர்மூழ்கி இருக்கேன்னு காரணம் சொன்னாங்க. பேரம் நடந்த விஷயத்த கென்னடியோட ஆளுங்க வருஷக் கணக்குல மறைச்சாங்க.

அந்தப் பக்கம் கியூபா தலைவர் காஸ்ட்ரோவுக்கு நடந்தது இன்னும் மோசம். குருஷேவ் ஏவுகணைய திருப்பி எடுக்க ஒத்துக்கிட்டது அவருக்கு மாஸ்கோலருந்து முன்கூட்டி வந்த தகவல் இல்ல, செய்தி ஏஜென்சி வழியா தெரிஞ்சுது. ஆத்திரத்துல ஐநா பரிசோதகர்கள உள்ளயே விட மாட்டேன்னுட்டார். சமாதானம் பண்ண சோவியத் துணைப் பிரதமர் மிகோயான குருஷேவ் ஹவானாவுக்கு அனுப்பினார், மனுஷன் வந்து இறங்கின மறுநாள் மாஸ்கோல மனைவி இறந்துட்டாங்கன்னு செய்தி வந்துச்சு. மகன மட்டும் இறுதிச் சடங்குக்கு அனுப்பி வெச்சுட்டு அவர் அங்கயே மூணு வாரத்துக்கு மேல தங்கி பேசினார். ஏன் அவ்வளவு அவசரம்னா, பெரிய ஏவுகணை தவிர கிட்டத்தட்ட 100 சின்ன ரக அணு ஆயுதங்கள் தீவுல இருந்துச்சு, அது அமெரிக்காவுக்கே தெரியாது, பேரத்துலயும் வரல. காஸ்ட்ரோ அதையாவது எங்ககிட்ட விட்டுட்டு போங்கன்னு பாத்தார். அணு ஆயுதத்த வேற நாட்டுக்கு கொடுக்க எங்க சட்டத்துல இடமில்லன்னு மிகோயான் சொன்னார், அப்படி ஒரு சட்டமே அப்ப கிடையாது. துருக்கியும் கியூபாவும் எதிரெதிர் முகாம், ஆனா ரெண்டுக்கும் கிடைச்ச பாடம் ஒண்ணு தான். நெருக்கடி முத்தும்போது பெரியவங்க ரெண்டு பேரும் நேரா பேசி முடிச்சுக்குவாங்க, குடைக்குள்ள நிக்கறவங்களுக்கு தகவல் அப்புறமா வரும். உலகம் அழியாம தப்பிச்சது அந்த பேரத்தால தான்னு எனக்கு நல்லா தெரியும், அதுல எனக்கு சந்தோஷம் தான், ஆனா அங்காரால இருந்து பாத்தவனுக்கு அந்த சந்தோஷம் முழுசா வந்திருக்காது.

பிரிட்டன் கதை சுருக்கம். ஸ்கைபோல்ட்னு ஒரு ஏவுகணைய அமெரிக்கா தர்றதா சொல்லி 1962 கடைசில கைவிட்டுச்சு, பிரிட்டிஷ் பிரதமர் மேக்மில்லன் பஹாமாஸ் தீவுல இருக்கற நாசாவ் நகரத்துக்கு ஓடிப் போய் கென்னடிகிட்ட பேசி பொலாரிஸ் வாங்கிட்டு வந்தார். அவங்க பிழைச்சுக்கிட்டாங்க.

இப்ப நம்ம பக்கம் வருவோம். 1964 அக்டோபர் 16, சீனா லோப் நூர்ல குண்டு வெடிச்சது. 1962 போர்ல வாங்கின அடி ஆறி ரெண்டு வருஷம் கூட ஆகல. பத்து நாளைக்குள்ள நம்ம அணு சக்தித் துறைய நடத்தின விஞ்ஞானி ஹோமி பாபா ஆல் இண்டியா ரேடியோல பேசினார், ஒரு 10 கிலோடன் வெடிப்புக்கு 17.5 லட்சம் ரூபா தான் ஆகும்னு கணக்கு சொல்லி. பிரதமர் சாஸ்திரிக்கு குண்டுல மனசு இல்ல, காந்தி வழி வந்த கட்சி, கஜானாவும் காலி, கோதுமைக்கே கப்பல எதிர்பாத்துட்டிருந்த நேரம். அதனால அந்த டிசம்பர்ல லண்டன் போனப்ப அணு ஆயுதம் இல்லாத நாடுகளுக்கு வல்லரசுகள் ஏதாவது பாதுகாப்பு உறுதி தர முடியுமான்னு பிரதமர் வில்சன்கிட்ட பேசினார். 1967ல இந்திரா காந்தி அரசு பிரதமரோட செயலர் எல்.கே. ஜாவ மாஸ்கோவுக்கும் வாஷிங்டனுக்கும் அனுப்புச்சு, ரெண்டு பேரும் சேர்ந்து ஒரு உறுதி கொடுங்க, நாங்க அணிசேரா நாடாவே இருந்துக்கறோம்கற மாதிரி. அதாவது ஒரே நேரத்துல ரெண்டு குடை, ஆனா எந்த முகாம்லயும் சேராம, யாரோட படையையும் நம்ம மண்ணுல வெக்காம.

இது கிடைக்கவே வாய்ப்பில்லாத ஒண்ணுன்னு இப்ப பாக்கறப்ப தெரியுது. 1968 ஜூன்ல ஐநா பாதுகாப்பு கவுன்சில்ல 255ம் தீர்மானம் வந்துச்சு, அணு ஆயுதம் இல்லாத நாட்ட யாராவது அணு ஆயுதத்தால தாக்கினா கவுன்சில் உடனே செயல்படணும்கற ரகம். அப்ப கவுன்சில்ல இருந்த இந்தியா அதுக்கு ஓட்டு போடாம ஒதுங்குச்சு, பாகிஸ்தானும் பிரான்ஸும் கூட ஒதுங்குச்சு. அடுத்த மாசம் கையெழுத்துக்கு வந்த அணு ஆயுத பரவல் தடை ஒப்பந்தத்துலயும் இந்தியா சேரல. இதை வெறும் கௌரவப் பிரச்சினைன்னு சொல்றவங்க இருக்காங்க, எனக்கு அது பாதி உண்மையா தான் படுது. கேட்டுப் பாத்து கிடைக்காம போன நாடு அது, முதல்லயே கதவ சாத்தின நாடு இல்ல.

1971 அதை இன்னும் உறைக்க வெச்சது. ஜூலைல அமெரிக்க அதிபரோட பாதுகாப்பு ஆலோசகர் கிஸ்ஸிஞ்ஜர் பாகிஸ்தான் வழியா ரகசியமா பெய்ஜிங் போய் வந்தார், நேத்து வரைக்கும் சீனாவுக்கு எதிரா யார்கிட்ட குடை கேட்டோமோ அவங்களே சீனாவோட கை குலுக்கறாங்க. ஆகஸ்ட் 9ந்தேதி டெல்லில சோவியத்தோட நட்பு ஒப்பந்தம் கையெழுத்தாச்சு. டிசம்பர்ல பாகிஸ்தானோட நடந்த வங்கதேசப் போர்ல அமெரிக்கா எண்டர்பிரைஸ் விமானந்தாங்கி கப்பல வங்காள விரிகுடாவுக்கு அனுப்புச்சு, பின்னாலயே சோவியத் கப்பல்களும் வந்துச்சு. டாக்கா டிசம்பர் 16 விழுந்திடுச்சு, எண்டர்பிரைஸ் எதுவும் செய்யல, ஆனா டெல்லில அன்னிக்கு இருந்தவங்க யாரும் அதை மறக்கல. 1974 மே 18 காலைல பொக்ரான்ல இந்தியா முதல் தடவையா வெடிச்சுப் பாத்தது. அதுக்கப்புறம் 24 வருஷம் ரெண்டுங்கெட்டானா இருந்துட்டு, சோவியத்தே இல்லாம போய், ஒப்பந்தத்துல இருந்த அரைகுறை ஆதரவும் கரைஞ்சதுக்கு அப்புறம், 1998 மே மாசம் மறுபடி வெடிச்சு, நாங்க அணு ஆயுத நாடுன்னு இந்தியா வெளிப்படையா அறிவிச்சது. அடுத்த வருஷம் அணு கொள்கை வரைவ எழுதின தேசிய பாதுகாப்பு ஆலோசனை குழுவுக்கு தலைமை தாங்கினவர் திருச்சில பிறந்த கே. சுப்ரமணியம். முதல்ல அடிக்க மாட்டோம், ஆனா அடி வாங்கினா திருப்பி அடிக்கறதுக்கு கைல இருக்கும்ங்கறது அதோட மையம். அந்த திருப்பி அடிக்கற பலம் கடலுக்கடியில இருந்தா தான் பத்திரம்னு நீர்மூழ்கிக்கான அணு உலைய முதல்ல தரைல கட்டி ஓட்டிப் பாத்தது நம்ம கல்பாக்கத்துல.

சொந்த குண்டு வந்ததும் எல்லாம் சரியாயிடுச்சான்னா, இல்ல. 1998 மே 28ல பாகிஸ்தான் சாகாய்ல வெடிச்சது, மறு வருஷமே கார்கில். ரெண்டு பக்கமும் அணுகுண்டு வெச்சுக்கிட்டு மலை உச்சில சண்டை போட்டாங்க, நம்ம பசங்க 500 பேருக்கு மேல உயிர் போச்சு. அணு ஆயுத தடுப்பு பெரிய போர தடுக்கும், அதோட நிழல்ல சின்னப் போர் நடக்கும்னு பனிப்போர் காலத்துலயே பேசின விஷயம் தான். குண்டு வந்தா அமைதி வந்துடும்னு நம்பினவங்களுக்கு கார்கில் தான் பதில்.

திரும்ப ஐரோப்பாவுக்கு. 1976லருந்து சோவியத் யூனியன் எஸ்எஸ்-20ங்கற ஏவுகணைய வரிசையா நிறுத்துச்சு, அது அமெரிக்கா வரைக்கும் போகாது, ஆனா மேற்கு ஐரோப்பால எந்த ஊரையும் தொடும். மேற்கு ஜெர்மன் சான்சலர் ஹெல்முட் ஷ்மிட் 1977 அக்டோபர்ல லண்டன்ல பேசினப்ப இந்த பயத்த எடுத்து வெச்சார்: வாஷிங்டனும் மாஸ்கோவும் தங்களுக்குள்ள பெரிய ஏவுகணைகள சமன் பண்ணி ஒப்பந்தம் போட்டுக்கிட்டா, நடுவுல இருக்கற எங்க கதி என்ன? 1979 டிசம்பர் 12ல நேட்டோ முடிவெடுத்துச்சு, ஒரு பக்கம் சோவியத்தோட பேச்சுவார்த்தை, அது சரிவரலன்னா 108 பெர்ஷிங்-2 ஏவுகணையும் 464 குரூயிஸ் ஏவுகணையும் ஐரோப்பால வரும். இதுல இருக்கற தர்க்கம் படிக்கறப்ப விசித்திரமா இருக்கும். ஒரு நாடு தன் மண்ணுல அடுத்தவன் அணு ஆயுதத்த கொண்டுவந்து வைக்க வழி விடுது, அதனால தானே எதிரிக்கு முதல் இலக்கு ஆகப்போறோம்னு தெரிஞ்சே, ஏன்னா அமெரிக்க ஏவுகணை ஜெர்மன் மண்ணுலருந்து மாஸ்கோ பக்கம் பறந்தா சோவியத் பதிலடி அமெரிக்காவுக்கும் போகும், அப்ப அமெரிக்கா தனியா கழண்டுக்க முடியாது. பெர்லின் சிப்பாய்ங்க செஞ்ச வேலைய இங்க ஏவுகணை செய்யணும்.

ஆனா ஜனங்க இதை அப்படி பாக்கல, அவங்க மேல எனக்கு ரொம்ப மரியாதை உண்டு. ஐரோப்பால மட்டும் ஒரு அணு சண்டை நடந்து அது வல்லரசுகள் வரைக்கும் போகாம நிக்கலாம்கற மாதிரி அமெரிக்க அதிபர் ரீகன் 1981ல பேசி வெக்க, அவங்க பயந்தது நிஜம்னு ஆயிடுச்சு. அந்த அக்டோபர்ல அப்போதைய மேற்கு ஜெர்மன் தலைநகரம் பான்ல லட்சக்கணக்குல கூடினாங்க, இங்கிலாந்துல கிரீன்ஹாம் காமன் தளத்து வாசல்ல பொம்பளைங்க கூடாரம் போட்டு உக்காந்தாங்க, அந்த முகாம் 2000 வரைக்கும் கலையல. ஷ்மிட்டோட சொந்தக் கட்சியே அவர் முடிவுக்கு எதிரா திரும்புச்சு, அவர் பதவியும் போச்சு. 1983 நவம்பர்ல ஜெர்மன் நாடாளுமன்றம் ஒத்துக்கிட்டு பெர்ஷிங் வர ஆரம்பிச்சதும் சோவியத் ஜெனீவா பேச்சுவார்த்தைய விட்டு எழுந்து போச்சு. நாலு வருஷம் கழிச்சு, 1987 டிசம்பர் 8ல, ரீகனும் சோவியத் தலைவர் கோர்பசேவும் அந்த ரக ஏவுகணை அத்தனையையும் ஒழிக்க கையெழுத்து போட்டாங்க, மொத்தம் 2,692 அழிஞ்சது. ஷ்மிட் சரியா, தெருல நின்னவங்க சரியான்னு இன்னும் சண்டை போடறாங்க. கோர்பசேவ் இல்லன்னா ரெண்டு பேருமே தோத்திருப்பாங்கன்னு தான் நான் சொல்லுவேன். அந்த ஒப்பந்தமும் 2019 ஆகஸ்ட்ல செத்துப் போச்சு, ரஷ்யா மீறுதுன்னு சொல்லி அமெரிக்கா வெளிய வந்துடுச்சு.

1991ல சோவியத் உடைஞ்சது. குண்டு எண்ணிக்கை மளமளன்னு குறைஞ்சது, 1986 வாக்குல உலகம் முழுக்க 70,000 பக்கம் இருந்தது இன்னிக்கு 12,000 பக்கம் வந்து நிக்குது. ஆனா எண்ணிக்கை குறையறதால பழைய சந்தேகம் தீரலன்னு காட்டின நாடு உக்ரைன். சுதந்திரம் வந்தப்ப அவங்க மண்ணுல கிட்டத்தட்ட 1,900 நீண்ட தூர அணு ஆயுதம் இருந்துச்சு, உலகத்துல மூணாவது பெரிய குவியல். ஆனா ஏவறதுக்கான கோட் மாஸ்கோல. இதை பராமரிக்க உக்ரைன்கிட்ட காசும் இல்ல, முழு தொழிற்சாலை வரிசையும் இல்ல, வெச்சுக்குவோம்னு அடம் பிடிச்சா மேற்கும் ரஷ்யாவும் சேர்ந்து ஒதுக்கி வெச்சிருக்கும். அதனால குண்ட கொடுத்ததே முட்டாள்தனம்னு இப்ப சுலபமா சொல்றவங்களோட நான் ஒத்துப் போக மாட்டேன். கொடுத்ததுக்கு பதிலா என்ன வாங்கினாங்கங்கறது தான் விஷயம்.

1994 டிசம்பர் 5, புடாபெஸ்ட். அமெரிக்க அதிபர் கிளின்டன், ரஷ்ய அதிபர் யெல்ட்சின், பிரிட்டன் பிரதமர் மேஜர், உக்ரைன் அதிபர் குச்மா கையெழுத்து போட்டாங்க. உள்ள என்ன இருக்குன்னு பாத்தா: உன் எல்லைய மதிப்போம், உன் மேல பலத்த பிரயோகிக்க மாட்டோம், பொருளாதார மிரட்டல் பண்ண மாட்டோம், யாராவது அணு ஆயுதத்த காட்டி மிரட்டினா பாதுகாப்பு கவுன்சிலுக்கு போவோம், பிரச்சினைன்னா கூடிப் பேசுவோம். அந்த கவுன்சில்ல எந்த தீர்மானத்தையும் தடுக்கற வீட்டோ அதிகாரம் ரஷ்யாவுக்கு இருக்கு. யாராவது எல்லைய மீறினா மத்தவங்க படை அனுப்பணும்னு ஒரு வரி கூட கிடையாது. உக்ரைன காப்பாத்தறதுக்குன்னு ஒரு அமெரிக்க சிப்பாய் கூட அந்த மண்ணுல வந்து நிக்கல. 1996 ஜூன்ல கடைசி குண்டும் ரஷ்யா போய் சேர்ந்துச்சு, பெர்வொமைஸ்க் ஏவுகணை தளத்துல அமெரிக்கா, ரஷ்யா, உக்ரைன் மூணு நாட்டு பாதுகாப்பு மந்திரிங்களும் சேர்ந்து சூரியகாந்தி நட்டாங்க. அந்த நாள்ல அந்த மந்திரிங்க நல்ல மனசோட தான் நட்டிருப்பாங்க, அதுல எனக்கு சந்தேகம் இல்ல.

2014ல கிரிமியா போச்சு. கூடிப் பேசுவோம்னு இருந்துச்சே, அந்த வரிய பிடிச்சுக்கிட்டு உக்ரைன் கூட்டத்துக்கு கூப்பிட்டுச்சு, மார்ச் 5ந்தேதி பாரிஸ்ல அமெரிக்காவும் பிரிட்டனும் உக்ரைனும் உக்காந்தாங்க. ரஷ்ய வெளியுறவு மந்திரி லாவ்ரோவ் அதே ஊர்ல தான் இருந்தார், அந்தக் கூட்டத்துக்கு வரல. 2022 பிப்ரவரி 24ல முழுப் போர், மூணு நாள்ல புடின் அணு படைகள உஷார் நிலைல வெக்க உத்தரவு போட்டார். அமெரிக்கா ஆயுதம் கொடுத்துச்சு, காசு கொடுத்துச்சு, ஆள் அனுப்பல, ரஷ்யாவோட நேரா மோதினா மூணாம் உலகப் போர்னு அப்போதைய அதிபர் பைடன் வெளிப்படையாவே சொன்னார்.

அந்த போரோட முதல் வாரங்கள்ல வரைபடத்துல ஒரு இடத்த பாத்தா போதும், அணு ஆயுத தடுப்பு எங்க வேலை செய்யுது எங்க செய்யலன்னு கோடு போட்ட மாதிரி தெரியும். போலந்துல ர்செஷூஃப் விமான நிலையம், உக்ரைனுக்கு போற மேற்கத்திய ஆயுதம் ஏகப்பட்டது அங்க தான் இறங்குச்சு, அமெரிக்க பாராசூட் படையும் அந்த ஊர்ல தான் முகாம் போட்டிருந்துச்சு. எல்லைக்கு இந்தப் பக்கம் உக்ரைன்ல யாவோரிவ் ராணுவ பயிற்சி தளம். 2022 மார்ச் 13ல ரஷ்ய ஏவுகணைங்க யாவோரிவ்ல விழுந்து நிறைய பேர் செத்தாங்க. ர்செஷூஃப் மேல ஒண்ணு கூட விழல. ஆயுதம் அங்க இருந்து தான் வருதுன்னு மாஸ்கோவுக்கு தெரியாமலா இருக்கும்? நடுவுல இருக்கறது ஒரு எல்லைக் கோடு, அந்தப் பக்கம் அமெரிக்கப் பசங்க, இந்தப் பக்கம் உக்ரைன் பசங்க மட்டும்.

இதை பக்கத்து நாடுங்க பாத்துட்டு சும்மா இருப்பாங்களா? பல தலைமுறையா எந்த முகாம்லயும் சேராம இருந்த பின்லாந்து 2023 ஏப்ரல்ல நேட்டோல சேர்ந்துடுச்சு, ஸ்வீடன் 2024 மார்ச்ல. லித்துவேனியாவுக்கு ஜெர்மனி ஒரு முழு பிரிகேட நிரந்தரமா அனுப்புது, ரெண்டாம் உலகப் போருக்கு அப்புறம் அவங்க வெளிநாட்டுல இப்படி செய்யறது இது தான் முதல் தடவை. 2025 மார்ச்ல பிரான்ஸ் அதிபர் மேக்ரான், எங்க அணு ஆயுதம் ஐரோப்பிய கூட்டாளிகளுக்கும் காப்பா இருக்கலாமான்னு பேச ஆரம்பிப்போம்னார். அமெரிக்காவ நம்பாம கட்டின குண்ட இப்ப மத்தவங்களுக்கு குடையா நீட்டறாங்க, அப்ப வார்சாவுக்காக பாரிஸ பணயம் வைப்பீங்களான்னு போலந்துக்காரன் கேக்கத்தான் செய்வான்.

இந்த சந்தேகம் இப்ப ரொம்ப கூர்மையா இருக்கற இடம் தென் கொரியா. 1971ல அமெரிக்க அதிபர் நிக்சன் அங்கருந்து ஒரு முழு டிவிஷன திரும்ப எடுத்தப்பவே தென் கொரிய அதிபர் பார்க் சுங் ஹீ ரகசியமா குண்டுக்கு வேலை ஆரம்பிச்சார், பிரான்ஸ்கிட்ட குண்டுக்கான புளூட்டோனியத்த பிரிச்செடுக்கற மறுசுத்திகரிப்பு ஆலை வாங்கப் பாத்தார், அமெரிக்கா கழுத்த நெரிச்சு 1976ல அதை நிறுத்த வெச்சது. 1991ல அமெரிக்கா தன்னோட அணு ஆயுதத்தையும் அங்கருந்து எடுத்துடுச்சு. 2006ல வட கொரியா குண்டு வெடிச்சது, 2017ல கண்டம் விட்டு கண்டம் பாயற ஏவுகணைய விட்டுக் காட்டுச்சு. ஸ்புட்னிக் ஐரோப்பாவுக்கு செஞ்சத அந்த ஏவுகணை சியோலுக்கு செஞ்சது. 2023 ஜனவரில அப்போதைய அதிபர் யூன் சுக் யோல், நிலைமை மோசமானா நாங்களே அணு ஆயுதம் வெச்சுக்கலாம்னு வாய் விட்டே சொன்னார். ஏப்ரல்ல வாஷிங்டன்ல ஒரு பிரகடனம் வந்துச்சு: தென் கொரியா பரவல் தடை ஒப்பந்தத்துலயே இருக்கும், பதிலுக்கு அணு ஆயுத திட்டம் பத்தி பேச ரெண்டு நாட்டுக்கும் ஒரு ஆலோசனைக் குழு. ஜூலைல அமெரிக்க அணு ஏவுகணை நீர்மூழ்கி கென்டக்கி பூசான் துறைமுகத்துக்கு வந்துச்சு, யூன் அதுக்குள்ள இறங்கியே பாத்துட்டு வந்தார்.

ஆலோசனைக் குழு, கப்பல் வருகை எல்லாம் நல்லது தான், ஆனா சியோல்ல இருக்கறவங்க உன்னிப்பா பாக்கற கணக்கு வேற. அங்க இருக்கற அமெரிக்க சிப்பாய்ங்க சுமார் 28,500 பேர். முன்னாடி எல்லைக் கோட்டுக்கு பக்கத்துலயும் சியோல் நகரத்துக்கு நடுவுலயும் இருந்தவங்கள்ல பெரும்பாலானவங்க இப்ப தெற்கே பியோங்டேக் தளத்துல இருக்காங்க, அப்படி நகர்த்தப் போறாங்கன்னு பேச்சு வந்தப்பவே இவங்க பின்னால போயிட்டா இவங்க வாக்குறுதிய யார் நம்புவான்னு அங்க பெரிய வாக்குவாதம் நடந்துச்சு. இப்பவும் அந்த 28,500ஐ குறைக்கலாம்னு வாஷிங்டன்ல யாராவது சொன்னா, சியோல்ல சொந்த குண்டு பேச்சு மறுபடி கிளம்பிடுது.